கல்லான பிறகே கடவுள்

தருமபுரியிலிருந்து பென்னாகரம் போகிற வழியில் இருக்கிறது இண்டூர். ஒரு காலத்தில் அதியமான்களின் தகடூர் நாடாக இருந்த மண் இது. தமிழ்நாட்டில் நடுகற்கள் மிகுதியாகக் கிடைத்த நிலப்பகுதி எது என்று கேட்டால், தொல்லியல் தெரிந்தவர்கள் தருமபுரி, கிருஷ்ணகிரி, திருவண்ணாமலை மாவட்டங்களைத்தான் சொல்வார்கள். ஆநிரையை மீட்கப் போய் விழுந்தவன், ஊரைக் கொள்ளையிட வந்தவர்களை எதிர்த்து நின்றவன், புலியோடு மல்லுக்கட்டிச் செத்தவன் என்று எத்தனையோ பேருக்கு இங்கே கல் நட்டிருக்கிறார்கள். அந்தக் கற்களில் பல இன்றும் வேடியப்பன் என்ற பெயரில் கும்பிடப்படுகின்றன. பொங்கல் வைக்கிறார்கள், கிடா வெட்டுகிறார்கள், பிள்ளைக்குப் பெயரும் வைக்கிறார்கள். எழுத்துள்ள கற்களில் வாசகம் ஏறக்குறைய ஒரே ஒழுங்கில் வரும். எந்த அரசனின் எத்தனையாவது ஆட்சியாண்டு, எந்தத் தலைவனின் சேவகன், எந்த ஊர் மாடுகளுக்காக நடந்த சண்டை, யார் பட்டான் என்பதோடு கல் முடிந்துவிடும். அவன் பிறந்த நட்சத்திரம் எது, தொட்டிலில் கிடந்தபோது எந்த முனிவர் வந்து என்ன சொன்னார் என்ற பேச்சே அதில் இல்லை. அவன் செய்ததைக் கல் சொல்கிறது. செய்து முடித்தபின்தான் அவனுக்குக் கல், கல் நட்டபின்தான் அவன் கடவுள்.

உலகச் சந்தையில் இன்று அதிகம் விலைபோகும் வீரகதை இதற்கு நேர் எதிரான வரிசையில் நடக்கிறது. மாயாஜால நாவல்களிலும், அவற்றைப் படமாக்கும் திரையிலும், அவற்றைப் பார்த்து எழுதப்படும் நம் தொடர்களிலும் முதலில் ஆரூடம் வருகிறது. உலகைக் காக்க ஒருவன் வருவான், அவன் உடம்பில் இன்ன அடையாளம் இருக்கும், இன்ன குலத்தில் பிறப்பான் என்று ஒரு பழைய ஓலை சொல்லிவிடும். பிறகு நாயகன் தன்னைத் தெரிந்துகொள்ளும் படலம்தான் மொத்தக் கதையும். இது வீரத்தைப் பற்றிய தவறான பாடம் என்பது என் கருத்து. ஆரூடம் யாரையும் வீரனாக்குவதில்லை. அதைப் பிறப்புச் சான்றிதழாகப் பயன்படுத்தும் கதையில் நாயகன் செய்வதற்கு ஒன்றும் மிச்சமிருப்பதில்லை. இந்த மண்ணின் கல்லும் கூத்தும் காப்பியமும் ஆரூடத்தை வேறு விதமாகக் கையாண்டிருக்கின்றன. கொடுக்க வேண்டிய விலையை அது முன்கூட்டியே சொல்லிவிடும். கொடுப்பதா, விலகிப்போவதா, வேறொருவன் தலையில் கட்டுவதா என்பதை மனிதன்தான் முடிவு செய்ய வேண்டும்.

முதலில் ஒரு கல்லைப் பக்கத்தில் போய்ப் பார்ப்போம். திருவண்ணாமலை மாவட்டம் எடுத்தனூரில் கிடைத்த நடுகல் மகேந்திரவர்ம பல்லவனின் 34ஆவது ஆட்சியாண்டைச் சேர்ந்தது. ஏழாம் நூற்றாண்டின் முற்பகுதி. கருந்தேவக்கத்தி என்பவன் ஆநிரைப் பூசலில் விழுந்த செய்தியை அது சொல்கிறது. அவன் உருவத்துக்குப் பக்கத்தில் ஒரு நாயும் செதுக்கப்பட்டிருக்கிறது. அதன் பெயர் கோவிவன் என்றும், அது இரண்டு கள்ளர்களைக் கடித்துக் காவல் நின்றது என்றும் தனியே எழுதிவைத்திருக்கிறார்கள். பல்லவப் பேரரசன் பெயர் வெட்டப்பட்ட அதே கல்லில் ஒரு நாயின் பெயரும் இடம்பிடித்திருக்கிறது. அந்த நாய்க்கு வம்சமில்லை, வரமில்லை, சாபமில்லை. நின்ற இடத்தை விட்டு ஓடவில்லை என்ற ஒரே தகுதியில் 1,400 ஆண்டுகளாக அதன் பெயர் நிலைத்திருக்கிறது. வீரம் என்றால் எது என்று அந்த ஊர்க்காரர்களுக்கு எவ்வளவு தெளிவாகத் தெரிந்திருக்கிறது! தேனி மாவட்டம் புலிமான்கோம்பையில் 2006இல் கண்டெடுக்கப்பட்ட தமிழி எழுத்துக் கற்கள் இன்னும் பல நூற்றாண்டுகள் முந்தையவை. அவற்றில் ஒன்றில் ஆநிரைப் பூசலும் இறந்தவன் பெயரும் இருக்கின்றன. அவனுக்கு வேறு பீடிகை எதுவும் இல்லை.

உடனே ஒரு மறுப்பு எழும். சங்க காலத்து மக்கள் நிமித்தம் பார்க்காதவர்களா? நன்றாகவே பார்த்தார்கள். ஆநிரை கவரப் புறப்படுமுன் ஊர்ப்பக்கம் காதில் விழும் தற்செயலான சொல்லைக் கேட்டு அறியும் விரிச்சியைத் தொல்காப்பியமே வெட்சித் திணையில் வைத்திருக்கிறது. முல்லைப்பாட்டில் முதுபெண்டிர் நெல்லும் முல்லைப் பூவும் தூவி விரிச்சிக்குக் காத்திருக்க, ஓர் ஆயர்மகள் கன்றுக்குச் சொல்லும் ஆறுதல் வார்த்தை நற்சொல்லாக அமைகிறது. புறநானூற்றின் 229ஆம் பாட்டில் கூடலூர் கிழார் வானில் ஒரு மீன் எரிந்து விழுவதைக் கண்டு அரசனுக்கு ஆபத்து என்று கலங்குகிறார். சொன்னபடி ஏழாம் நாள் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை இறந்துபோகிறான். ஆக, நம்பிக்கை இருந்தது, அச்சமும் இருந்தது. ஆனால் இந்த நிமித்தங்கள் எதைப் பற்றியவை என்று பாருங்கள். இன்று புறப்படலாமா, போனவன் திரும்புவானா, அரசன் பிழைப்பானா என்று காலத்தையும் விளைவையும்தான் அவை சொல்கின்றன. இவன்தான் வீரன், இவன் அதற்காகவே பிறந்தவன் என்று எந்த விரிச்சியும் சொல்வதில்லை. நல்ல சொல் கேட்டுப் புறப்பட்டவனும் களத்தில் தன் கையால்தான் சண்டை போட்டாக வேண்டும்.

தகடூரை ஆண்ட அதியமான் நெடுமான் அஞ்சியின் கதை இதை இன்னும் ஆழமாகக் காட்டுகிறது. அவன் வெறும் பாட்டுடைத் தலைவன் மட்டுமல்ல. அசோகரின் கல்வெட்டுகள் சேர சோழ பாண்டியரோடு சேர்த்துச் சொல்லும் சதியபுதோ யார் என்று அறிஞர்கள் நெடுங்காலம் வாதிட்டார்கள். 1981இல் ஜம்பையில் கண்டெடுக்கப்பட்ட தமிழிக் கல்வெட்டு அந்தப் பட்டத்தை அதியன் நெடுமான் அஞ்சியின் பெயரோடு சேர்த்தே காட்டியது. அவன் முன்னோர் வானுலகத்திலிருந்து கரும்பைக் கொண்டுவந்தவர்கள் என்ற குலப்பெருமையும் பாட்டில் உண்டு. அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் இரண்டாயிரம் ஆண்டுகளாகத் தமிழர் அவனை நினைப்பது கரும்புக்காக அல்ல, நெல்லிக்கனிக்காக. அரிய மலைப்பிளவிலிருந்து கிடைத்த, நெடுங்காலம் வாழவைக்கும் கனி அது. தின்றால் என்ன கிடைக்கும் என்பது அவனுக்குத் தெரியும். அந்தப் பயனைச் சொல்லாமலே ஔவைக்குக் கொடுத்தான். தன் வருங்காலத்தைக் கையில் வைத்துக்கொண்டு அதை இன்னொருவருக்குக் கொடுத்துவிட்டவன் அவன். பெருஞ்சேரல் இரும்பொறை தகடூரை முற்றுகையிட்டு அழித்த போரோடு அவன் கதை முடிந்தது. அந்தப் போரைப் பாடிய ‘தகடூர் யாத்திரை’யில் சில செய்யுள்களே எஞ்சியிருக்கின்றன. அவனுக்கும் நடுகல் எழுந்தது. அதற்குப் பீலி சூட்டிக் கள் படைத்த துயரத்தை ஔவை பாடியிருக்கிறார். மாடு மீட்கப் போய் விழுந்த காவல்காரனுக்கு எது கிடைத்ததோ, அதுதான் அரசனுக்கும்.

இனி கூத்துக்கு வருவோம். தருமபுரி மாவட்டத்துக் கிராமங்களில் பாரதம் புத்தகத்தில் உறங்குவதல்ல. திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவில் பகலில் பிரசங்கியார் கதை சொல்ல, இரவில் தெருக்கூத்து நடக்க, உயர்ந்த தபசு மரத்தில் அர்ச்சுனன் வேடக்காரர் பாட்டுப் பாடியபடி ஏற, கடைசியில் படுகளம் வரும். மல்லாந்து கிடக்கும் மண் துரியோதனனின் தொடையைப் பீமன் அடிக்க, அங்கே வைத்திருக்கும் செந்நீர் பொங்க, விரித்த கூந்தலைத் திரௌபதி முடிப்பாள். இந்த வரிசையில் நம் மக்கள் தனியிடம் கொடுத்திருப்பது அரவான் களபலிக்கு. வடமொழிப் பாரதத்தில் அரவான் களத்தில் சண்டையிட்டுச் சாகிற பல வீரர்களில் ஒருவன். அவனைப் பலியாக்கி நடுவில் நிறுத்தியது தமிழ். வில்லிபாரதத்திலும் அது இருக்கிறது. வெற்றி யாருக்கு என்று தெரிந்துகொள்ளத் துரியோதனன் நேரே சகாதேவனிடமே வருகிறான். சகாதேவன் சாத்திரம் அறிந்தவன், எதிரி கேட்டாலும் பொய் சொல்லத் தெரியாதவன். அமாவாசையில் முப்பத்திரண்டு லட்சணமும் பொருந்திய ஒருவனைக் களபலி கொடுப்பவர்களுக்கே வெற்றி என்று சொல்லிவிடுகிறான். கேட்ட கண்ணன் திகைத்து, அமாவாசையையே ஒரு நாள் முன்னுக்கு இழுக்கிறான். முந்தைய நாளே நதிக்கரையில் தர்ப்பணம் தொடங்க, குழப்பமடைந்த சூரியனும் சந்திரனும் ஒன்றாக இறங்கி வந்து கேட்கிறார்கள். நீங்கள் இருவரும் கூடிவிட்டீர்களே, இதுதான் அமாவாசை என்று காரியத்தை முடிக்கிறான்.

இந்தக் காட்சியைக் குழந்தைகள் சிரித்துக்கொண்டே பார்ப்பார்கள். சிரித்து முடித்ததும் கேள்வி வந்து நிற்கும். முப்பத்திரண்டு லட்சணம் பொருந்தியவர்கள் பாண்டவர் பக்கம் மூன்றே பேர்: கண்ணன், அர்ச்சுனன், அரவான். கண்ணன் போனால் போரே இல்லை, அர்ச்சுனன் போனால் வெற்றியே இல்லை. எஞ்சுவது நாககன்னி வயிற்றில் பிறந்து, அரண்மனையில் வளராமல், அத்தினாபுரத்து அரியணைக்கு எந்த உரிமையும் கோராத பிள்ளை. உலகத்து மாயாஜாலக் கதைகள் ‘தேர்ந்தெடுக்கப்பட்டவன்’ என்று கொண்டாடும் ஆளின் முகத்தை இவ்வளவு உண்மையாகக் காட்டிய இன்னொரு கதையைக் காண்பது கடினம். ஆரூடம் லட்சணத்தை மட்டும்தான் சொன்னது. மூவரில் யாரை இழக்கலாம் என்று முடிவு செய்தது அதிகாரம். இடும்பியின் மகன் கடோற்கசன் விழுந்தபோதும் இதே கணக்குத்தான்; கர்ணனின் சக்தி ஆயுதம் அவன்மேல் செலவாகிவிட்டதே என்று கண்ணன் மகிழ்ந்தான். அரவானை வீரனாக்குவது அவன் லட்சணங்கள் அல்ல. கேட்டதும் சரி என்றான், சாகுமுன் மணமாக வேண்டும் என்று துணிந்து வரமாகவும் கேட்டான், அதுதான். கூவாகத்தில் ஒவ்வொரு சித்திரையிலும் அவனுக்காகத் தாலி கட்டி, மறுநாள் அதை அறுத்து அழும் திருநங்கையர் அந்தச் சம்மதத்தின் விலையை நன்றாகவே அறிந்தவர்கள்.

நாட்டார் வீரர்களின் கதைகளில் ஆரூடம் இன்னொரு வேலையும் செய்கிறது. அதைத்தான் நான் மிகுந்த கவலையோடு பார்க்கிறேன். மதுரைவீரன் கதையை எடுத்துக்கொள்வோம். காசி ராஜாவுக்குக் கொடி சுற்றிப் பிறந்த பிள்ளை, நாட்டுக்கு ஆகாது என்று சோதிடர் சொல்லக் காட்டில் விடப்படுகிறான். அருந்ததியர் தம்பதியான சின்னானும் செல்லியும் எடுத்து வளர்க்கிறார்கள். வளர்ந்தவன் பொம்மியைக் காதலிக்கிறான், திருமலை நாயக்கருக்காகக் கள்ளரை அடக்குகிறான், வெள்ளையம்மாளால் பழிக்கு ஆளாகி மாறுகால் மாறுகை வாங்கப்படுகிறான். எம்.ஜி.ஆர். நடித்து 1956இல் வந்த படமும் அரச பிறப்பிலிருந்துதான் தொடங்குகிறது. காத்தவராயனுக்கும் கழுமரம் முன்பே விதிக்கப்பட்டது என்று கதை சொல்கிறது. கதைப்பாடல்களைத் தொகுத்து ஆராய்ந்த நா. வானமாமலை, இப்படிப்பட்ட மேல்குலப் பிறப்புக் கதைகள் பின்னால் ஒட்டப்பட்டவை என்று வாதிட்டார். அந்த வாதம் எனக்குச் சரியாகவே படுகிறது. சின்னான் வீட்டுப் பிள்ளை வாளெடுத்து ஊரைக் காத்தான் என்பதை ஏற்க முடியாத மனங்களுக்கு, அவன் உண்மையில் ராஜா மகன் என்று ஒரு சமாதானம் தேவைப்பட்டது. அவனைக் கொன்றதற்கும் ஒரு சமாதானம் தேவைப்பட்டது. விதி என்ற பெயரில் அதுவும் கிடைத்தது. ஆரூடம் ஒரே வீச்சில் வீரத்தின் உரிமையை அவன் சாதியிடமிருந்து பறித்து, கொலையின் பொறுப்பை அரசனிடமிருந்து நீக்கிவிடுகிறது.

மேலைநாட்டு மாயாஜாலப் புனைவு முழுவதும் இந்தக் குழியில் விழுந்தது என்று சொன்னால் அது நியாயமில்லை. நல்ல எழுத்தாளர்கள் அங்கேயும் ஆரூடத்தைச் சந்தேகித்தே எழுதியிருக்கிறார்கள். ஜே.கே. ரோலிங் 2003இல் வெளியிட்ட ஹாரி பாட்டர் வரிசையின் ஐந்தாம் நூலில், இருளரசன் வோல்டமார்ட்டை வீழ்த்தப் பிறப்பவன் பற்றிய ஆரூடம் ஜூலை இறுதியில் பிறந்த இரண்டு குழந்தைகளுக்குப் பொருந்துகிறது: ஹாரி ஒருவன், நெவில் இன்னொருவன். வோல்டமார்ட் பயந்துபோய் ஹாரியைத் தாக்கியதால்தான் ஹாரி அந்த ஆள் ஆனான். எட்டாவது பிள்ளைக்குப் பயந்து தங்கையைச் சிறையிலிட்ட கம்சனுக்கும் நடந்தது அதுதான். அசரீரியை நிறைவேற்றியது அவனுடைய அச்சம். ஹாரி பாட்டர் வரிசையின் கடைசி நூலில், ஆரூடம் ஒதுக்கிவிட்ட நெவில்தான் வாளெடுத்து வோல்டமார்ட்டின் பாம்பை வெட்டுகிறான். டோல்கியனின் 1955ஆம் ஆண்டு நூலில், எந்த ஆடவன் கையாலும் விழமாட்டான் என்று சொல்லப்பட்ட பேயரசனை எயோவின் என்ற பெண் வீழ்த்துகிறாள். அவளை யாரும் தேர்ந்தெடுக்கவில்லை. வீட்டில் இருந்து மக்களைப் பார்த்துக்கொள் என்றுதான் சொன்னார்கள். வேடமிட்டுப் படையோடு போனாள், மாமன் விழுந்த இடத்தில் நின்றாள். எடுத்தனூர் நாயும் அவளும் ஒரே இனம் என்று சொன்னால் அது அவளுக்குப் பெருமையே தவிரக் குறைவில்லை.

இனி கடைசி மறுப்பு. இருப்பதிலேயே கனமானதும் இதுதான். போக்கிடமில்லாத மக்களுக்கு, ஒருவன் வருவான் என்ற சொல் எவ்வளவு பெரிய பிடிமானம்! அடிபட்டவன் அந்த நம்பிக்கையில்தான் மறுநாள் எழுந்திருக்கிறான். அதைப் பிடுங்க எனக்கு உரிமை இல்லை, விருப்பமும் இல்லை. ஆனால் வருவான் என்று காத்திருக்கும் கூட்டத்தின் முன் யார் வேண்டுமானாலும் வந்து நிற்கலாம். ஃப்ராங்க் ஹெர்பர்ட் 1965இல் எழுதிய ‘டியூன்’ இந்த அபாயத்தைத்தான் நாவலாக்கியது. அதில் மீட்பன் பற்றிய ஆரூடமே, ஒரு ரகசியப் பெண் சபை தன் வசதிக்காக ஏழைக் கிரகங்களில் முன்கூட்டி விதைத்துவைத்த கதை. அந்த அச்சில் வந்து பொருந்திய நாயகன் பாலின் பெயரால் 6,100 கோடி பேர் கொல்லப்பட்டதாக 1969இல் வந்த அடுத்த பாகம் சொல்கிறது. நம் பக்கத்தில் திருவாலங்காட்டுச் செப்பேடு இருக்கிறது. பின்னாளில் ராஜராஜ சோழனான அருள்மொழியின் உடலில் இருந்த அடையாளங்களைக் கண்டு அவனைத் திருமாலின் அம்சம் என்று உணர்ந்ததாக அது பாடுகிறது. அதை எழுதுவித்தது அவன் மகன் ராஜேந்திரனின் அரசு. அதே செப்பேடுதான், குடிமக்கள் விரும்பியும், சிற்றப்பன் ஆசைப்படும்வரை அரியணை வேண்டாமென்று அருள்மொழி மறுத்ததையும் சொல்கிறது. 1950 முதல் 1954 வரை ‘பொன்னியின் செல்வன்’ எழுதிய கல்கி, குடந்தை சோதிடரையும் வால்நட்சத்திரத்தையும் கதை நெடுகத் தாராளமாகப் பயன்படுத்தினார். ஆனால் உச்சத்தை வைத்த இடம் கைரேகையில் அல்ல. முடியை அருள்மொழி தன் கையால் உத்தமச் சோழனின் தலையில் வைக்கிறான். அந்த இடத்துக்காகத்தான் மூன்று தலைமுறை வாசகர்கள் அவனை நேசிக்கிறார்கள்.

கல்கிக்கு முன்பே இந்த வழியைக் காட்டியவர் இளங்கோ. சேரன் அவையில் நிமித்திகன் ஒருவன் மூத்தவன் செங்குட்டுவன் இருக்க, அரசு வீற்றிருக்கும் திரு இளையவனுக்கே உண்டு என்று சொன்னான்; அண்ணனின் வருத்தம் தீர அன்றே துறவு பூண்டார் இளையவர் என்பது சிலப்பதிகாரத்தின் வரந்தரு காதை தரும் செய்தி. இது வரலாறா, புனைவா என்று அறிஞர்கள் விவாதிக்கட்டும். ஓர் ஆரூடத்தைப் பொய்யாக்கியவர் எழுதியதாகத் தமிழ் மரபு நம்புகிற அந்தக் காப்பியம், ஊழ்வினை உருத்து வந்து ஊட்டுவதைத் தன் பொருள்களில் ஒன்றாகச் சொல்லிக்கொள்கிறது என்பதுதான் எனக்கு முக்கியம். மதுராபதித் தெய்வம் வந்து, முற்பிறப்பில் கோவலன் சிங்கபுரத்தில் சங்கமன் என்ற வணிகனை ஒற்றன் என்று காட்டிக்கொடுத்ததன் வினை இது, ஆடி மாதத்து வெள்ளிக்கிழமையில் மதுரை எரியும் என்ற உரையும் முன்பே உண்டு என்று கண்ணகியிடம் விளக்குகிறது. ஆனால் அந்த விளக்கம் எப்போது வருகிறது? எல்லாம் முடிந்த பிறகு. காற்சிலம்பு உடைந்து மாணிக்கம் தெறித்த நேரத்தில் பாண்டியன் நெடுஞ்செழியனுக்கு அது எதுவும் தெரியாது. தெரிந்திருந்தால் விதி என்று சொல்லித் தப்பித்திருக்கவும் முடியும். அவன் பழியைத் தன்மேல் ஏற்று, அரியணையிலிருந்து விழுந்து உயிர்விட்டான். வினையின் கதையை முழுதாகக் கேட்ட கண்ணகியும் வீட்டுக்குத் திரும்பவில்லை. கொற்றவை வாயிலில் வளையை உடைத்துவிட்டு, மேற்கு வாயில் வழியே வெளியேறி, இரவு பகல் பாராமல் வைகைக் கரையோடு மலைநாட்டுக்கு நடந்தாள். அவளுக்காகச் செங்குட்டுவன் இமயத்தில் கல் எடுத்து, கங்கையில் நீராட்டி, வஞ்சியில் நட்டான் என்கிறது வஞ்சிக்காண்டம். காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுகல் என்று அந்தக் காதைகளுக்கு இளங்கோ வைத்த பெயர்கள், தொல்காப்பியம் போரில் விழுந்த வீரனுக்குக் கல் நடும் முறையாகச் சொன்ன படிகளேதான்.